கிரந்தப் புத்தகத்தை இணையத்தில் ஏற்றுவது எப்படி: ஒரு புரூஃப் ரீடரின் வழி

சமஸ்கிருதத்துக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்று ஆர்வமாக வருகிறவர்களில் பாதிப் பேர், "ஆனா எனக்கு அவ்வளவா சமஸ்கிருதம் தெரியாதேம்மா" என்று அடுத்த மூச்சிலேயே பின்வாங்கிவிடுகிறார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். நான் கும்பகோணத்தில் அச்சகத்தில் புரூஃப் பார்த்தே தலை நரைத்தவள். ஈய எழுத்துக் கோத்த காலத்திலும் பார்த்தேன், ஆஃப்செட் வந்த பிறகும் பார்த்தேன். சமஸ்கிருதம் படிக்க உட்கார்ந்தது ஓய்வு பெற்ற பிறகுதான். இப்போது சனிக்கிழமைகளில் எங்கள் வீட்டுக் கூடத்தில் நாலைந்து பேர் கூடி, கிரந்த எழுத்தில் அச்சான பழைய சமஸ்கிருதப் புத்தகங்களைத் தேவநாகரியில் (இந்தி எழுதும் எழுத்தில்) தட்டச்சு செய்து, சரிபார்த்து, எல்லாரும் தேடிப் படிக்கும்படி இணையத்தில் ஏற்றுகிறோம். தமிழ் எழுத்து நன்றாகத் தெரிந்து, பொறுமையும் இருந்தால் உங்களாலும் முடியும்.

ஏன் கிரந்தம்? நம் பக்கத்தில் பல நூற்றாண்டுகளாக சமஸ்கிருதத்தை எழுதியது அந்த எழுத்தில்தான். 19ஆம் நூற்றாண்டில் அச்சு பரவியபோது சென்னையிலும் கும்பகோணத்திலும் கிரந்தத்திலேயே புத்தகங்கள் போட்டார்கள். பிறகு தேவநாகரி எங்கும் பரவியது, கிரந்தம் வாசிக்கும் தலைமுறை சுருங்கிப்போனது. அந்தப் புத்தகங்களில் சில வேறு எழுத்தில் மறுபடி அச்சாகவே இல்லை. வீடு மாற்றும்போதும், பாகம் பிரிக்கும்போதும் அவை பழைய பேப்பர் கடைக்குப் போகின்றன. எடை போடுகிறவருக்கு அது என்ன எழுத்து என்றே தெரியாது, கொடுக்கிற பேரனுக்கும் தெரியாது. எனக்கு இது உண்மையாகவே வயிற்றைக் கலக்குகிற விஷயம்.

முதல் புத்தகத்தைத் தேர்ந்தெடுப்பது

சின்னதாக எடுங்கள். நாற்பது, ஐம்பது பக்கத்தில் ஒரு ஸ்தோத்திரம், ஒரு தல மாஹாத்மியம், ஒரு சின்ன காவியம். செய்யுளாக இருந்தால் நல்லது, காரணம் பின்னால் சொல்கிறேன். ஸ்வரக் குறியோடு அச்சான வேத பாகங்களைத் தொடாதீர்கள். அவை குரு வாயால் கேட்டு வந்தவை, அச்சை மட்டும் பார்த்துத் திருத்துவது நம் வேலை இல்லை. மணிப்ரவாள வியாக்கியானங்களும் முதலில் வேண்டாம். ஒரே வரியில் சமஸ்கிருதச் சொல் கிரந்தத்திலும் தமிழ்ச் சொல் தமிழிலும் மாறி மாறி வரும், புதியவர்கள் திணறிப்போவார்கள்.

அடுத்து, அது ஏற்கெனவே இணையத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். தலைப்பை வைத்துத் தேடாதீர்கள், ஒரே நூலுக்கு மூன்று பெயர் இருக்கும். முதல் சுலோகத்தின் முதல் பாதத்தை, அதாவது முதல் கால் பங்கை, தேவநாகரியில் அடித்துத் தேடுங்கள். சமஸ்கிருத விக்கிமூலம், சான்ஸ்கிரிட் டாக்குமென்ட்ஸ், ஜெர்மனியில் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தின் கிரெட்டில் தொகுப்பு, ஆர்கைவ் தளம் ஆகிய நாலிலும் பாருங்கள். கிரெட்டிலில் உரைகள் ரோமன் எழுத்தில் இருப்பதால், அங்கே மட்டும் ரோமனில் அடித்துத் தேடுங்கள். பம்பாய் நிர்ணய ஸாகர் அச்சகம் தன் காவ்யமாலா வரிசையில் போட்ட நூல் என்றால் பெரும்பாலும் எங்காவது இருக்கும். ஆனால் இருக்கிறது என்பதற்காக உடனே ஒதுக்கிவிடவும் வேண்டாம். தென்னாட்டுப் பாடம், அதாவது நம் பக்கத்தில் வழங்கும் நூல் வடிவம், வேறாக இருப்பது சகஜம். கும்பகோணம் டி. ஆர். கிருஷ்ணாசாரியார் 1906 முதல் வெளியிட்ட மகாபாரதம் தென்னாட்டுப் பாடத்தைப் பின்பற்றியது. புணே பண்டார்கர் நிறுவனத்தின் ஆய்வுப் பதிப்பிலும் கிரந்தச் சுவடிகளுக்கென்று தனிக் குறி வைத்து ஒப்பிட்டிருக்கிறார்கள். முதல் பத்துச் சுலோகத்தை ஒப்பிட்டுப் பார்த்து, வித்தியாசம் தெரிந்தால் வேலையைத் தொடங்கலாம்.

உரிமை விஷயத்தில் கண்டிப்பாக இருங்கள். இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டு தொடங்கி 60 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. மூலம் ஆயிரம் வருஷப் பழசாக இருக்கலாம், ஆனால் கூடவே இருக்கும் தமிழ் உரையை எழுதியவர் 1970இல் காலமானார் என்றால் 2030 முடியும்வரை அந்த உரையை ஏற்றக் கூடாது. மூலத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், அல்லது குடும்பத்தாரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். சில வீடுகளில், இது எங்கள் உபாசனை நூல், வெளியே வேண்டாம் என்பார்கள். வற்புறுத்தாதீர்கள்.

அச்சான வருஷத்தைக் கண்டுபிடிப்பது தனி இன்பம். சக ஆண்டு போட்டிருந்தால் 78 கூட்டுங்கள். கலியப்தம் (கலியுக ஆண்டு) என்றால் 3101 கழியுங்கள். ஒரு வருஷம் முன்பின் இருக்கும். வெறும் "விளம்பி" என்று வருஷப் பெயர் மட்டும் இருந்தால் 1898ஆ 1958ஆ என்று குழப்பம் வரும். அப்போது அட்டையில் விலையைப் பாருங்கள். நயா பைசா வந்தது 1957 ஏப்ரலில். விலை அணாவில் இருந்தால் பழசு, நயா பைசாவில் இருந்தால் புதுசு.

படம் எடுப்பது

இதற்கு ஸ்கேனர் தேவையில்லை. ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழும் இடத்தில் மேஜையைப் போட்டு, போனை ஸ்டாண்டில் கவிழ்த்து மாட்டி, ஃபிளாஷ் போடாமல் எடுங்கள். எச்சில் தொட்டுப் பக்கம் திருப்பாதீர்கள். கிழிசலுக்கு செல்லோ டேப் ஒட்டாதீர்கள், அந்தப் பசை சில வருஷத்தில் தாளைப் பழுப்பாக்கிவிடும். லாமினேஷன் கூடவே கூடாது. புத்தகம் 180 பாகை விரியாவிட்டால் இரண்டு பக்கமும் தலையணை கொடுத்து V வடிவில் தாங்கி, ஒவ்வொரு பக்கமாக எடுங்கள். ராமபாணப் பூச்சி துளைத்த பக்கத்தின் பின்னால் ஒரு வெள்ளைத் தாளை வைத்தால், பின்பக்கத்து எழுத்து துளை வழியாகத் தெரிந்து குழப்பாது. அட்டை, விளம்பரம், விலை, யார் யாருக்குக் கொடுத்தது என்று கையால் எழுதியிருப்பது எல்லாவற்றையும் எடுங்கள். கடைசியில் "சுத்தாசுத்த பத்திரிகா" என்று ஒரு பிழைப் பட்டியல் இருந்தால் அதை விடவே விடாதீர்கள். அந்தக் காலத்துப் புரூஃப்காரர் நமக்கு எழுதி வைத்துவிட்டுப் போன கடிதம் அது.

ஓலைச்சுவடி கிடைத்தால் வேறு பேச்சு. கயிற்றை அவிழ்க்காமல், எண்ணெய் எதுவும் தடவாமல், விஷயம் தெரிந்தவர்களிடம் காட்டுங்கள். தஞ்சை சரஸ்வதி மகால், சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம், அடையாறு நூலகம், மயிலாப்பூர் குப்புசாமி சாஸ்திரி ஆய்வு நிறுவனம், புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் என்று நம் பக்கம் இடங்களுக்குக் குறைவில்லை. புதுச்சேரியில் இருக்கும் சைவச் சுவடித் தொகுப்பை 2005இல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் மைசூர்க் கீழ்த்திசை நூலகத்துக்கு 1905இல் வந்து சேர்ந்ததே தஞ்சாவூர்ப் பக்கத்துப் பண்டிதர் ஒருவர் கொண்டுவந்து கொடுத்த கிரந்தச் சுவடியாகத்தான். ஆர். சாமசாஸ்திரி அதை வாசித்து 1909இல் அச்சிட்டார். அந்தப் பண்டிதர் சுவடியை வீட்டிலேயே வைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அடிக்கடி நினைத்துக்கொள்வேன்.

கிரந்தம் வாசிக்கக் கற்பது

தினம் ஐந்து எழுத்து எழுதிப் பழகினால் போதும். ஸ, ஷ, ஜ, ஹ ஏற்கெனவே உங்களுக்குத் தெரியும், அவை கிரந்தத்திலிருந்து தமிழுக்கு வந்தவைதான். உ, ண, த, ய, வ தமிழை ஒட்டியே இருக்கும். மலையாளம் வாசிக்கத் தெரிந்தவருக்கு வேலை இன்னும் சுலபம். யூனிகோடில் கிரந்தம் 2014இல் சேர்ந்தது. நோட்டோ வரிசையில் இலவச எழுத்துரு கிடைக்கிறது. அக்ஷரமுக தளத்தில் தேவநாகரியைக் கொடுத்தால் கிரந்தமாக மாற்றிக் காட்டும். தெரிந்த சுலோகம் ஒன்றைக் கிரந்தத்தில் மாற்றி, அச்செடுத்து, அதை வைத்துப் படித்துப் பழகுங்கள்.

தமிழ்க் கண்ணுக்கென்றே சில வழுக்கும் இடங்கள் உண்டு. கிரந்தத்தில் ஒற்றைக்கொம்பு போட்டிருந்தால் அது எகரம் இல்லை, ஏகாரம். கொம்பும் காலும் சேர்ந்தால் ஓகாரம். சமஸ்கிருதத்தில் குறில் எ, ஒ கிடையாது அல்லவா? மெய்க்கு முன்னால் ஒலிக்கும் ரகர ஒற்று (இதை ரேபம் என்பார்கள்), எழுத்தில் அந்த மெய்க்குப் பின்னால் வலப்பக்கம் நிற்கும். அந்த ரகரத்தை அடுத்த மெய்யை இரட்டித்து அச்சிடுவதும் தென்னாட்டு வழக்கம்: தர்மம் "தர்ம்ம" என்று இருக்கும். ல வர வேண்டிய சில இடங்களில் ள வரும்: "காளிதாஸ". சொல்லின் கடைசியில் வரும் த், ந், ம் ஆகியவற்றுக்கு உருவம் சற்று மாறும். சமஸ்கிருதத்தில் இருக்கும் நாலு த-வில் இரண்டாவது த-வும் (tha) நாலாவது த-வும் (dha), அதேபோல் ப-வும் வ-வும் மங்கிய அச்சில் ஒன்றுபோல் தெரியும். இவற்றை ஓர் அட்டையில் எழுதி மேஜைமேல் வைத்துவிடுங்கள்.

தட்டச்சு

தேவநாகரி அச்சுப் புத்தகமாக இருந்தால் கூகுளின் எழுத்துணரி ஓரளவு நன்றாகப் படிக்கும். பிறகு திருத்தினால் போதும். கிரந்தத்துக்கு நம்பி ஒப்படைக்கும்படி எதையும் நான் பார்க்கவில்லை, கையால்தான் அடிக்கிறோம். போனில் தேவநாகரி விசைப்பலகை போதும்.

ஒரு விதியை மட்டும் மீறக் கூடாது. பக்கத்தில் இருப்பதை அப்படியே அடியுங்கள். "தர்ம்ம" என்று இருந்தால் "தர்ம்ம". தப்பு என்று நிச்சயமாகத் தெரிந்தாலும் மௌனமாகத் திருத்தாதீர்கள், பக்கத்தில் குறிப்பாகப் போடுங்கள். எழுத்து முறையைச் சீர்படுத்திய பிரதி வேண்டுமென்றால், எல்லாம் முடிந்த பிறகு இரண்டாவது கோப்பாகச் செய்துகொள்ளலாம். திருத்திய பிரதி மட்டும் மிஞ்சினால், நாளைக்கு வரும் ஆராய்ச்சியாளர் அந்த அச்சகத்தில் என்ன இருந்தது என்று அறியவே முடியாது.

புரூஃப் பார்ப்பது

இதைத்தான் முக்கியமாகச் சொல்ல வந்தேன். தட்டச்சு செய்தவுடன் நூல் காப்பாற்றப்பட்டுவிட்டது என்று நினைக்கிறார்கள். இல்லை. பிழையோடு ஏறிய பாடம், ஏறாததைவிட மோசம். ஒருவர் ஏற்றியதைப் பத்துத் தளங்கள் நகல் எடுக்கும், பிறகு அதுவே பாடமாகிவிடும். அச்சில் இருந்தபோது ஒரு பிழை அந்த ஐந்நூறு பிரதியோடு நின்றது. இப்போது அதற்கு எல்லையே இல்லை.

அச்சகத்தில் காப்பி ஹோல்டர் என்று ஒருவர் இருப்பார். மூலப்பிரதியை உரக்கப் படிப்பது அவர் வேலை, புரூஃபைப் பார்த்துத் திருத்துவது நம் வேலை. அதையே இங்கும் செய்யுங்கள். ஒருவர் புத்தகத்தைப் பார்த்து எழுத்து எழுத்தாகப் படிக்கட்டும், இன்னொருவர் திரையைப் பார்க்கட்டும். "நாலாவது த, ரேபம், ம" என்று வர்க்க எண்ணோடு சொல்ல வேண்டும். நெடில் வந்தால் "தீர்க்கம்", இரண்டு புள்ளி வந்தால் "விஸர்கம்", வட்டம் வந்தால் "அனுஸ்வாரம்". வாக்கியமாகப் படித்தால் காது தானாகவே சரிசெய்துகொள்ளும், கண் தூங்கிவிடும்.

யாரைக் காப்பி ஹோல்டராக வைப்பது? எல்லாரும் சுலோகம் மனப்பாடமாகத் தெரிந்த பெரியவரைத்தான் உட்காரவைக்க நினைப்பார்கள். என் அனுபவத்தில் அவர்தான் அந்த நாற்காலிக்குப் பொருந்தாதவர். அவர் புத்தகத்தைப் பார்ப்பதாக நினைத்துக்கொண்டு நெஞ்சில் இருப்பதைச் சொல்லிக்கொண்டே போவார். எங்கள் குழுவில் படிப்பவள் கணிதம் படிக்கும் ஒரு கல்லூரிப் பெண். சுலோகம் எதுவும் பாடமில்லை, பக்கத்தில் இருப்பதைத் தவிர வேறெதுவும் அவள் வாயில் வராது. வேதபாடசாலையில் படித்த பெரியவர் ஒருவரும் வருகிறார். அவர் வேலை கடைசிச் சுற்றில், பொருள் பார்ப்பது. ஒருநாள் அவர் ஒரு பாதத்தைக் கேட்டுவிட்டு வேறு மாதிரி சொன்னார்.

"தாத்தா, நீங்க சொல்றது புஸ்தகத்துல இல்லையே" என்றாள் அந்தப் பெண்.

அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பக்கத்தைப் பார்த்தார். "ஆமாம்மா, இல்ல. இருக்கறதையே போடு. நான் சொன்னத பாடபேதம்னு கீழ எழுதிக்கோ."

இந்த மனசு இருக்கும் பெரியவர் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள்.

செய்யுளாக எடுக்கச் சொன்னதற்குக் காரணம் சந்தஸ், அதாவது செய்யுளின் ஓசைக் கணக்கு. அதுவே பாதிப் பிழையைக் காட்டிக்கொடுக்கும். விடிகாலையில் தமிழ்நாடு முழுக்க ஒலிக்கும் சுப்ரபாதத்தின் முதல் சுலோகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். வால்மீகி ராமாயணத்தில் விசுவாமித்திரர் ராமனை எழுப்பும் சுலோகம் அது, அனுஷ்டுப் என்ற விருத்தம். பாதத்துக்கு எட்டு எழுத்து. ஐந்தாவது லகு (குறுகி ஒலிப்பது), ஆறாவது குரு (நீண்டு ஒலிப்பது). ஏழாவது எழுத்து ஒற்றைப்படைப் பாதங்களில் குரு, இரட்டைப்படைப் பாதங்களில் லகு. குறிலானாலும் பின்னால் கூட்டெழுத்து வந்தால் அது குரு. இப்போது பிரியுங்கள்: கௌ-ஸல்-யா-ஸுப்-ர-ஜா-ரா-ம. ஐந்தாவது ர, லகு. ஆறாவது ஜா, குரு. ஏழாவது ரா, குரு. அடுத்த பாதம்: பூர்-வா-ஸந்-த்யா-ப்ர-வர்-த-தே. ஐந்தாவது ப்ர, லகு. ஆறாவது வர், குரு. ஏழாவது த, லகு. தட்டச்சில் ரேபம் விட்டுப்போய் "ப்ரவததே" என்றானால் ஆறாவது எழுத்து லகுவாகி உடனே இடறும்.

ஆனால் "பூர்வா" என்பதை "பூர்வ" என்று அடித்திருந்தால்? எழுத்து எட்டுதான், ஐந்தும் ஆறும் ஏழும் சரியாகவே இருக்கும், சந்தஸ் ஒன்றும் சொல்லாது. அதனால் விரல்விட்டு எண்ணிவிட்டோம் என்று காப்பி ஹோல்டர் சுற்றை விட்டுவிடாதீர்கள். இரண்டும் வேண்டும். நீளமான விருத்தங்களில் கட்டுப்பாடு அதிகம், ஒவ்வோர் எழுத்துக்கும் இடம் குறித்திருக்கும். வசந்ததிலகத்தில் 14, சிகரிணியில் 17, சார்தூலவிக்ரீடிதத்தில் 19. செளந்தர்யலஹரி சிகரிணி, ஆறாவது எழுத்தில் நின்று மூச்சு வாங்கும். இப்படிப்பட்ட நூல்களில் நெடில் குறிலானால் அநேகமாக எங்கேயும் தப்ப முடியாது.

ஒரே அமர்வில் நாலு பக்கத்துக்கு மேல் பார்க்காதீர்கள். அதற்குமேல் கண் பார்க்கும், மனசு பார்க்காது. தட்டச்சு செய்தவரே முதல் புரூஃப் பார்க்கக் கூடாது. அவர் கை எங்கே தப்பியதோ, அவர் கண்ணும் அங்கேதான் தப்பும்.

ஏற்றுவது

படங்களை ஒரே பி.டி.எஃப் ஆக்கி விக்கிமீடியா காமன்ஸில் ஏற்றி, சமஸ்கிருத விக்கிமூலத்தில் அட்டவணைப் பக்கம் தொடங்கினால், இடப்பக்கம் உரையும் வலப்பக்கம் அச்சுப் பக்கத்தின் படமும் நிற்கும். யார் வேண்டுமானாலும் ஒப்பிட்டுப் பார்க்கலாம். அந்த வெளிப்படைத்தன்மைக்காகவே எனக்கு அந்த இடம் பிடிக்கும். பக்கத்துக்கு நிறம் உண்டு. தட்டச்சு மட்டும் முடிந்தது சிவப்பு, ஒருவர் சரிபார்த்தது மஞ்சள், இன்னொருவரும் சரிபார்த்தது பச்சை, சிக்கல் உள்ளது நீலம். மஞ்சளாக்கியவரே பச்சையாக்க முடியாது. என் அச்சக முதலாளி வைத்திருந்த அதே விதி. தமிழ் விக்கிமூலத்திலும் இதே ஏற்பாடுதான். கணினி பயமாக இருந்தால் அங்கே ஒரு தமிழ்ப் புத்தகத்தில் சில பக்கம் பார்த்துக் கை பழகிக்கொண்டு வாருங்கள். ஸ்தோத்திரமாக இருந்தால் சான்ஸ்கிரிட் டாக்குமென்ட்ஸ் தன்னார்வலர்களுக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள், பாராயணம் செய்கிறவர்கள் அங்கேதான் தேடுகிறார்கள்.

எந்த இடத்தில் ஏற்றினாலும் நூல் பெயர், பதிப்பித்தவர், அச்சகம், ஊர், வருஷம், எந்த எழுத்திலிருந்து மாற்றியது, யார் யார் சரிபார்த்தது என்று தலைப்பிலேயே எழுதுங்கள். இது இல்லாத உரையை எந்தப் பண்டிதரும் நம்ப மாட்டார், நம்பவும் கூடாது.

இடையில் மொழியும் வர ஆரம்பிக்கும். அதைத் தடுக்காதீர்கள். 1981இல் பெங்களூரில் தொடங்கிய சம்ஸ்கிருத பாரதியின் தன்னார்வலர்கள் பத்து நாள் பேச்சுப் பயிற்சி முகாம்கள் நடத்துகிறார்கள். தபால் வழிப் பாடமும் உண்டு. எங்கள் காப்பி ஹோல்டர் இப்போது விஸர்கம் எங்கே ஓகாரமாக மாறும் என்று என்னைக் கேள்வி கேட்கிறாள். இலக்கணம் தெரிந்துகொண்டு வேலைக்கு வந்தவள் இல்லை, வேலையில் உட்கார்ந்து இலக்கணத்துக்கு வந்தவள்.

கடைசியாக, ஒரு நோட்டுப் புத்தகம் போடுங்கள். எந்தப் பக்கம் யாரிடம் இருக்கிறது, எது எந்த நிறத்தில் நிற்கிறது, எந்தச் சொல்லில் சந்தேகம், புத்தகம் யார் வீட்டுடையது என்று ஒவ்வொரு சனிக்கிழமையும் எழுதி வையுங்கள். ஊர் மாற்றம் வரும், பரீட்சை வரும், உடம்புக்கு முடியாமல் போகும். நோட்டு இருந்தால் 23ஆம் பக்கத்தில் நின்ற வேலையை வேறொருவர் 24ஆம் பக்கத்திலிருந்து எடுத்துக்கொள்வார். கோப்பின் நகல் இரண்டு வேறு வீடுகளில் இருக்கட்டும்.